மன்னிப்பின் வாயில்: செவில்லாப் பேராலயமும் மணிக்கோபுரமும் – ஒரு மறுவாசிப்பு

மூலநூல் ஒன்று, அதற்கு எழுந்த உரைகள் பல. இது நம் இலக்கிய மரபில் நாம் நன்கறிந்த செய்தி. நல்ல உரை மூலத்தின் கதவைத் திறந்து விடுகிறது. போதாத உரையோ மூலத்திற்கும் நமக்கும் இடையே தானே வந்து நின்றுகொள்கிறது. கட்டடங்களுக்கும் இது பொருந்தும். இன்று வரலாற்றுச் சிறப்புமிக்க பேராலயம் ஒன்றைக் காணச் செல்பவர், பெரும்பாலும் அதனைத் தம் கண்ணால் படிப்பதில்லை. வழிகாட்டி ஒருவர் படித்துச் சொல்லக் கேட்டுத் திரும்புகிறார். ஆகவே வழிகாட்டியின் விளக்கத்தையும் ஓர் உரையாகக் கொண்டு, அது மூலத்திற்கு எவ்வளவு உண்மையாக இருக்கிறது என்று ஆராய்வது திறனாய்வாளர் கடமையே ஆகும்.

தென் ஸ்பெயினின் செவில்லா நகரில் உள்ள தூய மரியன்னைப் பேராலயத்தையும், 'ஹிரால்டா' எனப்படும் அதன் மணிக்கோபுரத்தையும் ஒரு வழிகாட்டியின் துணையோடு சுற்றிப் பார்க்கும் வாய்ப்பு நமக்குக் கிட்டியது. பல நாட்டினர் கலந்த ஒரு சிறு குழுவில் நாமும் இருந்தோம். வழிகாட்டியாக வந்த அம்மையார் கற்றறிந்தவர், சலிப்பின்றிப் பேசியவர். அவரைக் குறை கூறுவது நம் நோக்கமன்று. அவர் சொன்ன கதையின் அமைப்பே நம்மைச் சிந்திக்க வைத்தது. இரண்டு மணி நேரத்தில் முடிய வேண்டிய எந்தச் சுற்றுலாவும் ஏறக்குறைய அதே அமைப்பைத்தான் கைக்கொள்கிறது.

உரையின் இயல்பு

அவ்வுரையின் முதற்பண்பு அளவுகளில் அது கொண்ட மோகம். பேராலயத்தின் நீளம் சுமார் 135 மீட்டர். அகலம் சுமார் 100 மீட்டர். நடுக்கூடத்தின் உயரம் 42 மீட்டர். ஐரோப்பாவில் உள்ள கோதிக் கட்டடங்களுள் இதுவே மிகப் பெரியது. தலைமைப் பீடத்தின் பின்னே உயர்ந்து நிற்கும் மரச்சிற்பத் திரையைப் பீட்டர் டான்கார்ட் என்ற பிளாண்டர்ஸ் நாட்டுச் சிற்பி 1482 இல் தொடங்கினார். அது 1564 இல்தான் நிறைவு பெற்றது. இவை அனைத்தும் உண்மையே. ஆயினும் ஒரு கட்டடம் எவ்வளவு பெரியது என்று அறிந்தபின், ஏன் அவ்வளவு பெரிதாகக் கட்டப்பட்டது என்ற வினா எழ வேண்டும். இதற்கு விடையாகக் கிடைத்தது ஒரு பழங்கதை மட்டுமே. 1401 இல் பேராலயக் குருக்கள் குழுவினர் கூடி, வருங்காலத்தார் நம்மைப் பித்தர்கள் என்று எண்ணும் அளவுக்குப் பெரிய ஆலயம் எழுப்புவோம் என்று தீர்மானித்தார்களாம். கேட்டவர் அனைவரும் சிரித்து மகிழ்ந்தனர். வினா அங்கேயே மறைந்து போயிற்று.

இரண்டாம் பண்பு வெற்றியின் மொழி. முன்பு இங்கே பள்ளிவாசல் இருந்தது; 1248 இல் காஸ்தில் மன்னர் மூன்றாம் பெர்னாந்தோ நகரைக் கைப்பற்றினார்; பள்ளிவாசல் பேராலயமாக அர்ச்சிக்கப்பட்டது; பின்னர் அது இடிக்கப்பட்டுப் புதிய ஆலயம் எழுந்தது; மினாராவின் மேல் மணிகள் ஏறின. ஒன்று போயிற்று, மற்றொன்று வந்தது என்ற அளவில் அக்கதை முடிந்துவிட்டது.

மூன்றாம் பண்பு மௌனம். எதைச் சொல்லாமல் விடுகிறது என்பதைக் கொண்டும் ஓர் உரையை எடைபோடலாம். அந்த மௌனத்தைப் பற்றிப் பேசுமுன், மூலத்தை நம் கண்ணால் ஒருமுறை படித்துப் பார்ப்போம்.

கோபுரம் என்னும் மூலம்

ஹிரால்டாவின் அடித்தளத்தை உற்று நோக்கினால், இலத்தீன் எழுத்துகள் பொறித்த உரோமைக் காலக் கற்கள் சுவரோடு சுவராகப் பதிந்திருப்பதைக் காணலாம். பழைய நகரின் இடிபாடுகளிலிருந்து அவற்றை எடுத்து வந்து அடித்தளமிட்டவர்கள் முஸ்லிம் கட்டடக் கலைஞர்கள். அல்மொஹாது அரச மரபினரின் பெரும் பள்ளிவாசலுக்கு உரிய மினாராவாக, 1184 இல் அகமது இப்னு பாசோ இதனைத் தொடங்கினார். அவருக்குப் பின் கோமாரா ஊர் அலி என்பவர் செங்கல்லால் கட்டி உயர்த்தினார். 1198 இல் பணி முடிந்தது. மொராக்கோவில் உள்ள மராக்கேஷ் நகரின் குத்துபிய்யா மினாராவும், ரபாத் நகரில் முற்றுப்பெறாமல் நின்றுவிட்ட ஹசன் கோபுரமும் இதன் உடன்பிறப்புகள்.

உள்ளே ஏறுவதற்குப் படிகள் இல்லை. ஒரு கோபுரத்தின் உள்ளே மற்றொரு கோபுரம் என்று சொல்லத்தக்க அமைப்பு அது. நடுவே ஒன்றன் மேல் ஒன்றாக ஏழு அறைகள்; அவற்றைச் சுற்றி 35 சாய்தளங்கள். உச்சியை அடையும் இடத்தில் மட்டுமே சில படிகள் உள்ளன. பாங்கு சொல்லும் மோதினார் வாகனத்தின் மீதமர்ந்தே ஏறுவதற்காக இவ்வாறு அமைத்தார்கள் என்பது வழக்கு. முதியவர்களும் ஒவ்வொரு திருப்பத்திலும் சன்னலருகே சற்று நின்று, மூச்சு வாங்கி, மெல்ல ஏறிக்கொண்டிருந்தனர். இறைவேண்டலுக்கு அழைக்கச் செல்பவரின் கால் நோகக்கூடாது என்று எண்ணி அமைத்த ஒரு வசதி, எண்ணூறு ஆண்டுகளுக்குப் பின்னரும் மனிதருக்குத் துணை செய்கிறது. கட்டடக் கலையில் இரக்கம் என்று ஒன்று உண்டென்றால், அது இதுவே.

இனி, கிறிஸ்தவர்கள் செய்த பணியைக் காண்போம். 1558 முதல் 1568 வரை, எர்னான் ரூயிஸ் என்ற கட்டடக் கலைஞர் மினாராவின் மேல் மணிமாடத்தை எழுப்பினார். கோபுரத்தின் மொத்த உயரம் இன்று சுமார் 104 மீட்டர். இதே எர்னான் ரூயிஸ், கோர்தோபாப் பெரும் பள்ளிவாசலின் நடுவே தம் தந்தை 1523 இல் தொடங்கிய ஆலயப் பணியையும் தொடர்ந்து நடத்தியவர். அங்கே பழைய தூண்களின் காட்டைப் பிளந்துகொண்டு புதிய ஆலயம் நிற்கிறது. இங்கே அவர் கை வேறு விதமாக நடந்துகொண்டது. கீழே சாய்சதுர வலைப்பின்னலாக ஓடும் செங்கல் வேலைப்பாட்டை அவர் மூடி மறைக்கவில்லை. அதன் நிறத்தையும் அளவையும் மதித்து, அதைவிடச் சற்றே ஒடுங்கிய மாடங்களை ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கினார். பழையது முடியும் இடமும் புதியது தொடங்கும் இடமும் வெளிப்படையாகத் தெரிகின்றன. ஆயினும் கீழிருந்து பார்ப்பவருக்கு ஒரே கோபுரமாகவே தோன்றுகிறது. பிறருடைய கவிதைக்கு இறுதி அடி எழுதப் பணிக்கப்பட்ட புலவர், முன்னடிகளைத் திருத்தாமல், அவற்றின் சந்தம் கெடாமல் தம் அடியைச் சேர்த்தது போன்ற பணி இது. வெற்றி பெற்றவனின் கலை என்று இதனைச் சொல்ல நமக்கு மனம் வரவில்லை. கடன்பட்டவனின் கலை என்று சொல்வதே பொருந்தும்.

இக்கடனைச் செவில்லாவின் இறைமக்கள் தம் பக்தியிலும் ஏற்றுக்கொண்டார்கள். நகரின் பாதுகாவலர்களான புனித யுஸ்தா, புனித ரூபினா என்ற இரு சகோதரிகள், உரோமையர் காலத்தில் மட்பாண்டம் விற்று வாழ்ந்து மறைசாட்சிகளானவர்கள். ஓவியர்கள் அவர்களை ஹிரால்டாவுடன் சேர்த்தே தீட்டினார்கள். நிலநடுக்கத்தில் கோபுரம் விழாதபடி அவர்களே தாங்கிப் பிடித்தார்கள் என்பது மக்கள் நம்பிக்கை. கோயா 1817 இல் தீட்டிய அத்தகைய ஓவியம் ஒன்று பேராலயத்தின் திருப்பண்ட அறையை அணி செய்கிறது. அப்புனிதையர் காத்த கோபுரத்தின் பெரும்பகுதி முஸ்லிம் கரங்கள் அடுக்கிய செங்கல். எளிய மக்களின் பக்தி, வழிகாட்டியின் வரலாற்றை விடப் பெருந்தன்மை உடையதாய் இருந்திருக்கிறது.

உச்சியில் நின்றவை

ஆனால் கோபுரத்தைப் புகழ்ந்துவிட்டு மட்டும் நாம் அகன்றுவிட இயலாது. அல்மொஹாதுகளின் ஆட்சி எல்லார்க்கும் இனிய ஆட்சியாய் இருந்ததில்லை. அவர்கள் கீழ் யூதரும் கிறிஸ்தவரும் கடுந்துன்பம் அனுபவித்தனர். 1195 இல் அலார்கோஸ் போர்க்களத்தில் காஸ்திலியரை வென்றதன் நினைவாகவே, கலீபா யாகூப் அல் மன்சூர் இம்மினாராவின் உச்சியில் பொன் பூசிய உலோகக் கோளங்களை நாட்டினார். 1356 இல் நிகழ்ந்த நிலநடுக்கத்தில் அவை கீழே விழுந்தன.

அவை இருந்த உச்சிக்கும் மேலே இன்று நிற்பது, பர்த்தலோமே மொரேல் வார்த்து 1568 இல் ஏற்றப்பட்ட வெண்கலப் பெண்ணுருவம். வெற்றி பெற்ற விசுவாசத்தின் உருவகம் அது. ஒரு கையில் கேடயம். மறு கையில் குருத்தோலை. அது காற்றுத் திசைகாட்டியாகவும் அமைக்கப்பட்டதால் காற்றோடு சுழல்கிறது. சுழல்வது என்ற பொருளுடைய ஸ்பானியச் சொல்லிலிருந்தே 'ஹிரால்டா' என்ற பெயர் முதலில் அச்சிலைக்கும், பின்னர் கோபுரம் முழுமைக்கும் வந்தது. செர்வான்டிஸ் தம் 'டான் கிஹோட்டே' இரண்டாம் பாகத்தில் ஒரு வீரன் வாயிலாக இச்சிலையை நகைச்சுவையோடு குறிப்பிடுகிறார்.

பாறைமேல் கட்டப்பட வேண்டிய விசுவாசத்திற்குக் காற்று வீசும் பக்கமெல்லாம் திரும்பும் ஒரு சிலையை அடையாளமாக வைத்தது தற்செயலே ஆகலாம். ஆயினும் திறனாய்வாளர் இதனைக் கடந்து போகக்கூடாது. இரு சமயத்தாரும் தத்தம் வெற்றியின் சின்னத்தையே உச்சியில் ஏற்றினார்கள். ஒன்று விழுந்தது, மற்றொன்று சுழல்கிறது. நிலைத்து நிற்பதோ கீழே உள்ள கோபுரம். மக்களை இறைவனிடம் அழைப்பதற்காகக் கட்டப்பட்ட பகுதி.

மணிமாடத்தில் 24 மணிகள் உள்ளன. நாம் அங்கே நின்றபோது அவற்றுள் ஒன்று ஒலித்தது. எல்லோரும் காதைப் பொத்திக்கொண்டோம். வழிகாட்டி தம் பேச்சை நிறுத்தினார். ஒலி அடங்கும் வரை யாரும் எதுவும் பேசவில்லை. அச்சுற்றுலாவில் உரை மூலத்திற்கு வழிவிட்ட ஒரே தருணம் அதுதான்.

சொல்லாமல் விட்டது

அரச சிற்றாலயத்தில் மூன்றாம் பெர்னாந்தோவின் உடல் வெள்ளிப் பேழையில் வைக்கப்பட்டுள்ளது. 1252 இல் இறந்த அவரை 1671 இல் திருச்சபை புனிதராக ஏற்றது. அவருடைய கல்லறை வாசகம் நான்கு மொழிகளில் பொறிக்கப்பட்டுள்ளது: இலத்தீன், காஸ்திலியம், அரபு, எபிரேயம். அதனை அமைத்தவர் அவர் மகன் பத்தாம் அல்போன்சோ. 1254 இல் இந்நகரில் இலத்தீன், அரபு ஆகிய மொழிகளைக் கற்பிக்கும் கல்விச்சாலையை நிறுவியவர். ஒரே நாட்டை இலத்தீன் வாசகம் 'இஸ்பானியா' என்கிறது. அரபு வாசகம் 'அல் அந்தலுஸ்' என்கிறது. எபிரேய வாசகம் 'செபராத்' என்கிறது. வென்ற மன்னரின் கல்லறையிலேயே, வெல்லப்பட்டோர் தம் நாட்டைத் தம் மொழியில் அழைக்க இடம் இருந்தது.

நம் குழு இச்சிற்றாலயத்தின் முன் மூன்று நிமிடங்கள் நின்றிருக்கும். மன்னரின் உடல் அழியாதிருப்பது பற்றிச் சொல்லப்பட்டது. நான்கு மொழிகள் பற்றியும் ஒரு வரி சொல்லப்பட்டது. எபிரேயத்தைப் படிக்கத் தெரிந்தவர்கள் என்ன ஆனார்கள் என்பது மட்டும் சொல்லப்படவில்லை.

அதனை நாம் சொல்லியாக வேண்டும். பெர்ராந் மார்த்தினேஸ் என்பவர் இம்மறைமாவட்டத்தைச் சேர்ந்தவர். ஏசிஹாவின் தலைமைத் திருத்தொண்டர். யூதருக்கு எதிராகப் பல ஆண்டுகள் அவர் மறையுரை என்ற பெயரில் வெறுப்பை விதைத்தார். மன்னர் கண்டித்தார். பேராயர் பெத்ரோ கோமெஸ் பர்ரோசோ 1389 இல் அவருக்குத் தடை விதித்தார். 1390 இல் பேராயரும் மன்னரும் அடுத்தடுத்து இறந்தனர். ஆயரில்லா மறைமாவட்டத்தின் நிருவாகத்தில் மார்த்தினேஸின் கை ஓங்கியது. 1391 ஜூன் 6 அன்று, பேராலயத்திற்கு அண்மையிலேயே இருந்த யூதர் குடியிருப்பு தாக்கப்பட்டது. பலர் கொல்லப்பட்டனர்; பலர் அச்சத்தால் திருமுழுக்குப் பெற்றனர்; தொழுகைக்கூடங்கள் ஆலயங்களாக்கப்பட்டன. அவற்றுள் ஒன்றுதான் இன்றும் நிற்கும் தூய வெண்மரியாள் ஆலயம். வன்முறை ஸ்பெயினின் பிற நகரங்களுக்கும் பரவியது.

பித்தர்கள் என்று பெயரெடுக்கும் அளவுக்குப் பெரிய ஆலயம் கட்டத் தீர்மானித்தார்கள் என்னும் அந்த 1401 ஆம் ஆண்டு, இதற்குப் பத்தே ஆண்டுகள் பிந்தியது. ஒன்றுக்கு மற்றொன்று காரணம் என்று நாம் கூற வரவில்லை. ஆனால் அந்தப் பழங்கதையைச் சொல்லிச் சிரிக்கும்போது, அதற்கு முந்திய பத்தாண்டுகளை மறந்துவிட்டுச் சிரிக்கிறோம் என்பதையாவது அறிந்திருக்க வேண்டாமா?

கொலம்பசின் கல்லறை முன்பும் இதே குறையைக் கண்டோம். ஆர்துரோ மெலிதா வடித்த நான்கு பேருருவங்கள், ஸ்பெயினின் நான்கு அரசுகளைக் குறிப்பவை, சவப்பேழையைத் தோளில் சுமந்து நிற்கின்றன. ஹவானாப் பேராலயத்திற்காகச் செய்யப்பட்ட இந்நினைவுச்சின்னம், 1898 இல் கியூபாவை ஸ்பெயின் இழந்தபின் இங்கே கொண்டுவரப்பட்டது. உள்ளே இருப்பது உண்மையில் அவருடைய எலும்புதானா என்பதே அங்கு நெடுநேரம் பேசப்பட்ட வினா. மரபணுச் சோதனைகள் விவரிக்கப்பட்டன. ஆனால் அவர் திறந்த கடல்வழியின் மறுகரையில் அழிந்த மக்களைப் பற்றி ஒரு சொல்லும் இல்லை. அம்மக்களுக்காகக் குரல் கொடுத்த பர்த்தலோமே தெ லாஸ் காசாஸ் இந்நகரில் பிறந்தவர். சியாப்பாஸ் மறைமாவட்ட ஆயராக 1544 இல் இந்நகரிலேயே திருநிலைப்படுத்தப்பட்டவர். அம்மக்களுக்கு இழைக்கப்பட்ட கொடுமைகளை வெளிப்படுத்தும் நூலை 1552 இல் இந்நகரிலேயே அச்சிட்டவர். அவர் பெயரும் உச்சரிக்கப்படவில்லை. திருச்சபையின் குற்றத்தை மறைக்கும் உரை, அதன் மனச்சான்றையும் சேர்த்தே மறைத்துவிடுகிறது. மார்த்தினேசை மறப்பவர், அவரைத் தடுத்த பேராயரையும் மறக்க நேர்கிறது.

வெளியேறும் வழி

சுற்றுலா முடிவில், பழைய பள்ளிவாசலின் முற்றமாகிய ஆரஞ்சு மரத் தோட்டத்தின் வழியே நடந்து 'மன்னிப்பின் வாயில்' என்னும் கதவை அடைந்தோம். அதன் வெண்கலத் தகடுகள் அல்மொஹாதுகளின் காலத்தவை. அரபு எழுத்துகள் அவற்றில் இன்றும் உள்ளன. வெளிப்புறம் வாயிலுக்கு மேலே, கோவிலில் வணிகம் செய்தோரை இயேசு சாட்டையால் விரட்டும் காட்சி சிற்பமாக உள்ளது. ஒரு காலத்தில் வணிகர்கள் இம்முற்றத்திலும் படிகளிலும் கூடிப் பேரம் பேசி வந்தார்கள். அவர்களுக்கு எச்சரிக்கையாகவே இக்காட்சி இங்கே வைக்கப்பட்டது என்பர். நாம் அதனைத் தலைநிமிர்ந்து பார்த்தபோது, நம் கையில் நுழைவுச்சீட்டின் பாதி இருந்தது.

அரபு எழுத்துள்ள கதவு. நற்செய்திக் காட்சியுள்ள சிற்பம். மன்னிப்பு என்ற பெயர். இம்மூன்றையும் சேர்த்துப் படித்தால் கிடைப்பதே இம்மூலத்தின் திரண்ட பொருள் என்று நமக்குத் தோன்றுகிறது. பிற சமயத்தாரிடம் உண்மையும் தூய்மையுமாய் உள்ளவற்றைத் திருச்சபை புறக்கணிப்பதில்லை என்று 1965 இல் இரண்டாம் வத்திக்கான் சங்கம் அறிக்கையிட்டது. திருச்சபையின் மக்கள் வரலாற்றில் செய்த பாவங்களுக்காக, அவற்றுள் யூத மக்களுக்கு எதிராகச் செய்தவற்றுக்காகவும், 2000 மார்ச் 12 அன்று திருத்தந்தை இரண்டாம் யோவான் பவுல் இறைவனிடம் வெளிப்படையாக மன்னிப்பு வேண்டினார். இவ்விரண்டையும் ஏற்றுக்கொண்ட திருச்சபையின் ஆலயங்களில், வழிகாட்டிகள் மட்டும் இன்னமும் வெற்றியின் கதையைச் சொல்லிக்கொண்டிருப்பது ஏன்? கேட்கும் நாம் அதையே கேட்க விரும்புவதாலா?

எந்த ஊர்ப் பேராலயமாயினும், அதனைக் காட்டும் பொறுப்பு நம் கையில் வந்தால் நாம் எதை முதலில் சொல்வோம்? கோபுரத்தின் உயரத்தையா? பீடத்தின் பொன்னையா? அவ்விடத்தில் யார் யார் செபித்தார்கள், யார் உழைப்பு அதில் கலந்துள்ளது, யாருக்கு அங்கே அநீதி நேர்ந்தது என்பதைச் சொல்லத் துணிவோமா? சொன்னால் ஆலயத்தின் பெருமை குறைந்துவிடும் என்று அஞ்சுகிறோம். பாவசங்கீர்த்தனத்தின் அருமை அறிந்த நாம் அவ்வாறு அஞ்சுவதற்கு இடமில்லை. உண்மையைச் சொல்வதால் குறைந்துபோகும் பெருமை முதலிலிருந்தே நம்முடையதன்று.

வாயிலைக் கடந்து தெருவுக்கு வந்தோம். வழிகாட்டி நன்றி கூறி விடைபெற்று, அடுத்த குழுவை அழைத்துவரத் திரும்பிச் சென்றார். மேலே மணி மீண்டும் ஒலித்தது. இம்முறை நாம் காதைப் பொத்திக்கொள்ளவில்லை.